ரோக்வால் சட்டையும் சுஐபு இட்ட அடையாளமும்

திருமலைராயன்பட்டினம் சுஐபு மடித்து வைத்த துணியைக் கலைத்து உடுத்த யாருக்கும் மனம் வராது. ஓரத்தோடு ஓரம் ஒட்டி நிற்கும். காலர் அப்போதுதான் கடையிலிருந்து வந்ததுபோல் இருக்கும். கூடப் பிறந்த ஐந்து பேரில் அந்தக் கை அவன் ஒருவனுக்குத்தான் வாய்த்தது. காரைக்கால் பிரெஞ்சுக்காரர்கள் கையில் இருந்தபோது ஐந்தாவது வரை படித்தான். அந்தப் படிப்பில் ஒட்டிக்கொண்ட பிரெஞ்சு எதற்கு ஆகும் என்று வீட்டில் எல்லாரும் கேலி பேசினார்கள். அதற்கும் ஒரு காலம் வந்தது.

1968-ல் பம்பாயிலிருந்து கப்பலேறித் துபாய் போனான். மனைவி ஜுபைதா கைக்குழந்தை ஜுலைஹாவோடு ஊரில் இருந்தாள். பர் துபாயில் கோயிலுக்குப் பின்சந்தில் இருந்த ஒரு சலவைக்கடையில் அவனுக்கு வேலை கிடைத்தது. அந்தக் கடையில் இரண்டு விதிகள். வேறு கடையின் அடையாளத்தோடு ஒரு துணி வந்தால், முதலில் அதை எடுத்துவிட வேண்டும். ஒரே துணியில் இரண்டு அடையாளம் கிடந்தால் அதற்கு இரண்டு சொந்தக்காரர்கள் முளைப்பார்கள், சண்டை வரும். அடுத்தது, நம் அடையாளத்தை எந்தத் தண்ணீருக்கும் போகாதபடி போட வேண்டும். அதற்குச் சேங்கொட்டை. கொட்டையில் ஊசியைக் குத்தி, வடியும் பாலைத் தொட்டுத் துணியின் உட்புறத்தில் புள்ளியோ கோடோ இழுத்து, மேலே ஒரு துளி சுண்ணாம்பு வைத்தால் கறுத்துப் பிடித்துக்கொள்ளும். துணி நைந்து கந்தலானாலும் அந்தப் புள்ளி போகாது.

1975-ல், அபுதாபியில் தரீஃபுக்கு அப்பால் பாலைவனத்தில் எண்ணெய்க் குழாய் பதித்துக்கொண்டிருந்த ஒரு பிரெஞ்சுக் கம்பெனி, பிரெஞ்சு தெரிந்த லாண்டரிக்காரன் கிடைப்பானா என்று துபாய் முழுக்கத் தேடியது. சுஐபு போய் நின்றான். கேம்ப்பில் ஒரு தகரக் கொட்டகை, இரண்டு துவைக்கும் மிஷின், ஒரு உலர்த்தும் மிஷின், இஸ்திரி மேசை. எல்லாவற்றுக்கும் அவன் ஒருவனே.

போன புதிதில் கேம்ப்பில் துணிச் சண்டை ஓயவில்லை. அங்கே இறைத்த உப்புத் தண்ணீரில் மை எழுத்து இரண்டு சலவைக்குக்கூடத் தாங்காது. ஒருவன் கால்சட்டை இன்னொருவன் இடுப்பில் ஏறும், சாப்பாட்டுக் கூடத்தில் தட்டு பறக்கும். சுஐபு லீவில் போனவரிடம் சொல்லி ஊரிலிருந்து சேங்கொட்டை வரவழைத்தான். ஆளுக்கு ஒரு அடையாளம் வைத்தான். ஒரு கோடு, கோட்டின் மேல் ஒரு புள்ளி, கோட்டின் கீழ் மூன்று புள்ளி என்று. அதோடு சண்டை நின்றது. வெல்டர்களுக்குத் தலைவரான பெர்னான் என்ற பெரிய ஆள் ஒருநாள் கொட்டகைக்கே வந்து அவன் முதுகில் தட்டினார். அவருடைய அடையாளம் ஒரு கோடும் அதன் தலையில் இரண்டு புள்ளியும்.

“சுஐபு, உனக்கு என்ன வேணும், கேளு.”

சுஐபு யோசிக்கவே இல்லை. “என் வீட்டுக்காரி வேணும் முசியே.”

பெர்னான் சிரித்துவிட்டார். பிறகு சிரிப்பை நிறுத்தி விவரமாகக் கேட்டார். கல்யாணமான நாளிலிருந்து மனைவியோடு இருந்ததை லீவுகளை வைத்துத்தான் எண்ண வேண்டும் என்றான் சுஐபு. மகள் அவனை “துபாய்க்காரர்” என்று கூப்பிடுகிறாள் என்றான். அபுதாபி ஊருக்குள் கம்பெனிக் குடியிருப்பில் ஒரு லாண்டரி இருந்தது. அங்கே வேலை பார்ப்பவருக்குக் குடும்ப அறை உண்டு. அடுத்த குளிர்காலத்துக்குள் உன்னை அங்கே மாற்றுகிறேன் என்று பெர்னான் வாக்குக் கொடுத்தார். அவர் சொன்னால் மானேஜர் தட்ட மாட்டார். அந்த ஒரு வாக்கை வைத்துத்தான் சுஐபுவின் நாள் விடிந்தது, நாள் முடிந்தது.

பெர்னானுக்கும் அவருடைய வெல்டர்களில் பாதிப் பேருக்கும் ஒரே ஊர். பிரான்சின் தென்கோடியில் திராட்சைத் தோட்டங்களுக்கு நடுவில் ரோக்வால் என்ற சிற்றூர். முட்டை வடிவப் பந்தைக் கையில் ஏந்திக்கொண்டு ஓடும் ரக்பி ஆட்டம் அங்கே சாப்பாட்டுக்குச் சமம். வியாழக்கிழமை துணி வாங்க வரும்போதெல்லாம் பெர்னான் இஸ்திரி மேசையில் சாய்ந்துகொண்டு தங்கள் சங்கத்தின் கதையைச் சொல்வார். பாலைவனத்தில் அந்தக் கதையைப் பிரெஞ்சிலேயே காது கொடுத்துக் கேட்கப் புது ஆள் ஒருவன் கிடைத்தது அவருக்கு ஒரு கொண்டாட்டம்.

மற்ற ஊர்களில் பதினைந்து பேர் ஆடுவார்கள். 1934-ல் ரோக்வால் அதை உதறிவிட்டு, பதின்மூன்று பேர் ஆடும் புது ஆட்டத்துக்கு மாறியது. தச்சரும் ரொட்டி சுடுபவரும் தோட்டக்கூலிகளும் சேர்ந்து கட்டிய சங்கம். மைதானத்துக்கு மண் சுமந்ததும் அவர்களே. 1941-ல் யுத்தத்தின் நடுவே ஜெர்மனிக்கு அடங்கி நடந்த விச்சி அரசாங்கம் பதின்மூவர் ஆட்டத்தையே தடை செய்தது. மைதானம், கொட்டகை, பந்து, ஜெர்சி, எல்லாம் பறிமுதல். யுத்தம் முடிந்து ஆட்டம் திரும்பி வந்தபோதும் ரக்பி என்ற பெயரைப் போட்டுக்கொள்ள விடவில்லை. “பதின்மூவர் ஆட்டம்” என்றே சொல்ல வேண்டும்.

“எங்க சொத்தைப் புடுங்கினாங்க. அப்புறம் எங்க பேரையும் புடுங்கினாங்க,” என்பார் பெர்னான். “அம்பத்து மூணுல கோப்பை இறுதி ஆட்டம் வரை போனோம். ஒரே ஒரு புள்ளியில தோத்தோம். இப்போ திராட்சைக்கு விலை இல்லை. ஆடுற பையன்கள் எல்லாம் வெல்டிங் கொள்ளியும் கையுமா உன் பாலைவனத்துல நிக்கிறாங்க. ஊர்ல பாதி சங்கம், இங்க பாதி சங்கம்.”

தடைக்கு முன்னால் தைத்த ஜெர்சிகளில் ஒன்றே ஒன்று பறிமுதலுக்குத் தப்பியது. மஞ்சள் சட்டை, மார்பில் பச்சைப் பட்டை, வெள்ளைக் காலர். பெர்னானின் அப்பா அன்றைக்கு அணித் தலைவர். துணி வெளுக்கும் பெண் ஒருத்திதான் அதைக் காப்பாற்றினாள் என்று பெர்னான் சொல்லியிருந்தார். எப்படி என்று சொல்லவில்லை, சைட்டிலிருந்து ஜீப் வந்து கூப்பிட்டுக்கொண்டு போய்விட்டது. வருடத்தின் முதல் ஆட்டத்துக்கு அணித் தலைவர் அந்தச் சட்டையைப் போட்டுக்கொண்டுதான் மைதானத்தில் இறங்க வேண்டும் என்பது ரோக்வால் வழக்கம். ஊரில் அப்பா இறந்த பிறகு சட்டை பெர்னானிடம் வந்தது, அவரோடு வளைகுடாவுக்கும் வந்தது. அதை அவர் யார் கையிலும் கொடுப்பதில்லை. வாளியில் தண்ணீர் பிடித்துத் தானே அலசிக்கொள்வார்.

1976-ல் வெயில் தணிந்து வந்த மாதம். கடற்கரை ஓரம் இருந்த இங்கிலீஷ்காரர்கள் கேம்ப்போடு வெள்ளிக்கிழமை மாலை ஆட்டம் என்று முடிவானது. ஊர்ச் சங்கம் அந்த வாரம் தன் முதல் ஆட்டத்தை ஆடுகிறது, அதனால் இங்கேயும் அதுவே முதல் ஆட்டம். சைட்டில் ஒரு குழாய் இணைப்பு விட்டுக்கொண்டதால் பெர்னான் புதன்கிழமையே போய் அங்கேயே தங்கிவிட்டார். லுயிக் என்ற இளம் வெல்டர் வியாழன் காலை ஜெர்சிகளை ஒரு போர்வையில் மூட்டையாகக் கட்டி வந்து சுஐபுவின் காலடியில் போட்டு, பெர்னான் அலமாரியில் இருந்தது என்று சொல்லிவிட்டு டியூட்டிக்கு ஓடினான்.

சுஐபு வழக்கம்போல் ஒவ்வொன்றாக உதறிப் பார்த்தான். நிறமும் பட்டையும் எல்லாவற்றிலும் ஒன்றே. ஒன்று மட்டும் கனமான பழைய பருத்தி, அவன் கையில் இதுவரை படாதது. பெர்னான் யார் கையிலும் கொடுக்காத சட்டை மூட்டையில் வரும் என்று அவனுக்குத் தோன்றவே இல்லை. காலரின் உட்புறத்தில் சிவப்பு நூலால் ஒரு சின்னச் சிலுவையும் ஒரு எழுத்தும் தைத்திருந்தது. வேறு ஏதோ லாண்டரியின் அடையாளம். மற்றவற்றில் அவரவர் அடையாளம் இருந்தது. மூட்டை பெர்னானின் அலமாரியில் இருந்து வந்தது, ஆகவே இது பெர்னான் துணி. ஊசி முனையால் சிவப்பு நூலை இழை இழையாகப் பிரித்து எடுத்தான். துணி ஒரு இடத்தில்கூட இழுபடவில்லை, துளைகள் மட்டும் மிஞ்சின. நூலை மற்றத் தூசு துரும்போடு உலர்த்தும் மிஷினில் சேரும் பஞ்சைப் போடும் பஞ்சுச் சாக்கில் தள்ளினான். சேங்கொட்டையைத் தொட்டு ஒரு கோடு, அதன் தலையில் இரண்டு புள்ளி. சுண்ணாம்பு. அலசல். பழைய துணி மெலிந்து போயிருந்ததால் பால் மறுபக்கம் இறங்கியது. காய்ந்தபோது வெள்ளைக் காலரின் வெளிப்புறத்திலும் கோடும் புள்ளியும் கன்னங்கரேலென்று தெரிந்தன. அது ஒன்றுதான் அவனுக்குச் சற்று உறுத்தியது.

மாலையில் லுயிக் வந்து மடித்த ஜெர்சிகளைத் தூக்கினான். மேலே இருந்ததைப் பார்த்ததும் அப்படியே கீழே வைத்தான்.

“இதை யாரு உங்கிட்ட குடுத்தது?”

“நீதானே காலையில கொண்டாந்து போட்டே.”

“போச்சு. அலமாரியில இருந்ததை எல்லாம் அள்ளிட்டேன். சுஐபு, இது அந்தச் சட்டை!” காலரைப் பார்த்தான். விரலால் தேய்த்தான். “இது போகுமா?”

“போவாது.”

லுயிக் வாசலைப் பார்த்தான். “நான் எதையும் பாக்கலை. நீயே சொல்லிக்கோ. அவரு நாளைக்கு வர்றாரு.” மற்றவற்றையெல்லாம் எடுத்துக்கொண்டு போய்விட்டான்.

சுஐபு இஸ்திரிப் பெட்டியை அணைத்தான். சட்டையை எடுத்துக்கொண்டு சமையல் கொட்டகைக்குப் போனான். சமையல்காரர் பொன்னுச்சாமிக்கு நிரவி, பக்கத்து ஊர். எலுமிச்சை தேய்த்தார்கள், சோடா உப்பு போட்டார்கள், வெந்நீரில் முக்கினார்கள். சுற்றியிருந்த துணி வெளுத்ததுதான் மிச்சம். புள்ளி முன்னிலும் பளிச்சென்று நின்றது.

“பாய், நான் ஒண்ணு சொல்றேன் கேளுங்க,” என்றார் பொன்னுச்சாமி. “மிஷினு தின்னுடுச்சின்னு சொல்லிடுங்க. அவன் ஊரு மிஷினுதானே, அவனே திட்டிக்கட்டும்.”

“சட்டைய என்ன பண்றது?”

“அரிசி மூட்டைக்குள்ள சொருவிடறேன். எந்த வெள்ளைக்காரன் வந்து அரிசி களையப் போறான்?”

“அவங்க அத்தா அரசாங்கத்துக்கிட்டேர்ந்து ஒளிச்சி வச்ச சட்டை, பொன்னுச்சாமி. அதை மவன்கிட்டேர்ந்து நான் ஒளிக்கவா?”

“ஒளிக்கலேன்னா ஜுபைதாம்மா வராது. அத ரோசன பண்ணீங்களா?”

 அன்று இரவு முழுக்க சுஐபு யோசித்தது அந்த ஒன்றைத்தான். ஒரு பொய், அதைச் சொல்லிவிட்டால் அறை கிடைக்கும். ஆனால் அந்த அறையில் உட்கார்ந்து ஜுபைதாவிடம் இதையெல்லாம் சொல்லும் நாளையும் யோசித்தான். சட்டையை ஒருமுறை இஸ்திரி போட்டு, கறை மேலே தெரியும்படி மடித்து வைத்தான்.

வெள்ளிக்கிழமை ஜும்ஆ தொழுகை முடிந்து அவன் திரும்பியபோது பெர்னான் கொட்டகை வாசலில் நின்றிருந்தார். மீசையில் மணல். சுஐபு ஸலாம்கூடச் சொல்லாமல் உள்ளே போய்ச் சட்டையை இரண்டு கையாலும் ஏந்திக்கொண்டு வந்து நீட்டினான்.

“முசியே, தப்பு நடந்துடுச்சு. மத்ததோட சேந்து வந்துடுச்சு. தெரியாம அடையாளம் போட்டுட்டேன். இது போகாது.”

பெர்னான் கோட்டையும் புள்ளியையும் பார்த்தார். அவர் முகம் சுருங்கியது. ஆனால் அதில் அவர் கண் நிற்கவில்லை. காலரைப் புரட்டி உட்புறத்தைப் பார்த்தார். வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். மறுபடி புரட்டினார்.

“சிவப்பு நூல் எங்க?”

“அது வேற லாண்டரி அடையாளம் முசியே. பிரிச்சு எடுத்துட்டேன். எடுத்துட்டுத்தான் நம்மளதைப் போடறது வழக்கம்.”

பெர்னான் உட்கார்ந்துவிட்டார். அத்தனை பெரிய ஆள் கவிழ்த்துப் போட்ட வாளியின் மேல் உட்கார்ந்ததை சுஐபு பிறகு பல வருடம் சொல்லியிருக்கிறான். குரலை உயர்த்தாமல்தான் அவர் பேசினார். அதுதான் சுஐபுவுக்குப் பயமாக இருந்தது.

பறிமுதல் செய்ய வந்த அதிகாரி ஒவ்வொரு வீடாக ஜெர்சி தேடினார். பெர்னானின் அப்பா தன்னுடையதை ஊர்த் துணி வெளுக்கும் பெண்ணிடம் கொடுத்திருந்தார். அதிகாரியின் வீட்டுத் துணியையும் வெளுத்தவள் அவள்தான். அவர் வீட்டுத் துணிக்கெல்லாம் சிவப்பு நூலில் சிலுவையும் ஒரு எழுத்தும் தைத்திருப்பாள். அதையே இந்தச் சட்டையின் காலரிலும் தைத்து, உள்பக்கம் வெளியே வரும்படி திருப்பி, அவர் வீட்டு மூட்டையிலேயே போட்டுவிட்டாள். துணி துவைக்கும் துறைக்கு அதிகாரியின் ஆட்கள் வந்து எல்லா மூட்டையையும் உதறினார்கள். அந்த மூட்டையை மட்டும் அதிகாரி தொட விடவில்லை. கலைந்து கிடந்த ஒரு காலரில் தன் வீட்டு அடையாளத்தைப் பார்த்துவிட்டு, “இது என் துணி, விடு” என்றார்.

“ஊர்ல சின்னப் பிள்ளைக்கும் அந்த நூல் தெரியும்,” என்றார் பெர்னான். “ஆட்டத்துக்கு முன்னாடி ஒவ்வொருத்தனும் அதைத் தொட்டுட்டு இறங்குவான். என் அப்பா தொட்டது. நான் தொட்டது. நீ அதைக் குப்பைன்னு பிரிச்சுப் போட்டே.”

“முசியே...”

“கலாஸ், முடிஞ்சுது. சாமானைக் கட்டு.”

சட்டையைத் தோளில் போட்டுக்கொண்டு அவர் போய்விட்டார்.  அப்போதுதான் சுஐபுவுக்குப் பஞ்சுச் சாக்கு நினைவுக்கு வந்தது. மூலைக்கு ஓடினான். மூலை காலி. வெள்ளிக்கிழமை என்றால் குல் ஜமான் குப்பை அள்ளிப் போய்க் கேம்ப்புக்கு வெளியே பள்ளத்தில் கொட்டிக் கொளுத்துகிற நாள்.

குல் ஜமான் பெஷாவர்ப் பக்கத்துப் பட்டாணி, கேம்ப்பில் லாரி ஓட்டுபவன். பள்ளத்தின் பக்கம் புகை கிளம்புவது தூரத்திலிருந்தே தெரிந்தது. சுஐபு லுங்கியை மடித்துக் கட்டிக்கொண்டு மணலில் ஓடினான். செருப்பு ஒன்று எங்கேயோ கழன்று விழுந்தது. வழியில் மைதானம். கிரேடர் ஓட்டி மட்டப்படுத்திய மணலில் சுண்ணாம்புக் கோடு. இங்கிலீஷ்காரர்கள் பதினைந்து பேராக வந்து நின்று, இவர்கள் பதின்மூன்று பேராக நிற்பதைப் பார்த்துக் கத்திக்கொண்டிருந்தார்கள். யாரும் அவனைக் கவனிக்கவில்லை.

“பாய், ரூக்கோ! ஆக் பந்த் கரோ!” நில்லு, தீயை அணை என்று கத்தினான்.

குல் ஜமான் திரும்பிப் பார்த்தான். “க்யா ஹுவா மதராஸி? சோனா கிர் கயா க்யா?” தங்கம் விழுந்துவிட்டதா என்று கேட்டு அவனே சிரித்தான்.

“சோனா நஹீ பாய். இஸ்மே மேரா பீவி ஹை!”

குப்பையில் பெண்டாட்டி இருக்கிறாள் என்று ஒருவன் சொன்னால் யார்தான் பதறமாட்டார்கள். குல் ஜமான் கையிலிருந்த மண்வெட்டியைப் போட்டுவிட்டுப் பள்ளத்தில் குதித்தான். தீ நடுவில் பிடித்திருந்தது. காய்கறித் தோலுக்கும் அட்டைப் பெட்டிக்கும் அடியில் சுஐபு கட்டிய முடிச்சோடு சாக்கு தெரிந்தது, ஒரு பக்கம் கருகிக்கொண்டிருந்தது. சுஐபு வெறுங்கையால் பற்றி இழுத்தான். உள்ளங்கை பொசுங்கியது. இருவரும் மணல் அள்ளிப் போட்டு அணைத்தார்கள்.

சாக்கைக் கிழித்தபோது பாதிப் பஞ்சு சாம்பல். மீதி சாம்பல் நிறத்தில் உருண்டை உருண்டையாக இருந்தது. விவரம் தெரிந்ததும் குல் ஜமான் தலையில் அடித்துக்கொண்டான். “தாகா? ஏக் தாகா கே லியே?” ஒரு நூலுக்காகவா என்று கேட்டானே தவிர, எழுந்து போகவில்லை. லாரியின் நிழலில் இருவரும் பஞ்சைப் பிய்த்துப் பிய்த்துப் பார்த்தார்கள். மைதானத்திலிருந்து விசில் கேட்டது. ஆட்டம் தொடங்கிவிட்டது. காற்று அடித்தால் பஞ்சு பறக்கும் என்று குல் ஜமான் தன் தலைப்பாகையை அவிழ்த்து விரித்தான். நகத்தளவு சிவப்பு ஒன்று கிடைத்தது. பிறகு ஒன்று. கொஞ்சம் நீளமாக ஒன்று. சுஐபு எச்சில் தொட்டு ஒவ்வொன்றையும் தீப்பெட்டிக்குள் வைத்தான். பிறகு எவ்வளவு தேடியும் சிவப்பு தென்படவில்லை.

அவன் மைதானத்துக்கு வந்தபோது ஆட்டம் முடியப் போகிற நேரம். முதல் பாதி பதினைந்து பேர், இரண்டாம் பாதி பதின்மூன்று பேர் என்று ஏதோ ஒப்பந்தமாகியிருந்தது. பெர்னான் மூக்கில் ரத்தத்தோடு, வழக்கப்படி பழைய சட்டையில் இறங்கிப் பிறகு மாற்றிக்கொண்ட புது ஜெர்சியில் ஓடிக்கொண்டிருந்தார். பழைய சட்டை கோட்டருகே ஒரு நாற்காலியின் முதுகில் தொங்கியது. லுயிக் அதன் பக்கத்தில் கால் சுளுக்கி உட்கார்ந்திருந்தான். சுஐபுவின் முகத்தில் இருந்த கரியைப் பார்த்துவிட்டுக் கண்ணைத் தாழ்த்திக்கொண்டான்.

ரோக்வால் தோற்றது. கொஞ்சத்தில்தான் தோற்றது. பெர்னான் மூச்சிரைக்க வந்து நின்றார். சுஐபு தீப்பெட்டியைத் திறந்து காட்டினான்.

“இவ்வளவுதானா?”

“இவ்வளவுதான் முசியே. மத்தது எரிஞ்சிடுச்சு.”

பெர்னான் அவன் உள்ளங்கையைப் பார்த்தார், தோல் உரிந்திருந்தது. நாற்காலியிலிருந்த சட்டையை எடுத்து அவன் தோளில் போட்டுக் கொட்டகையைக் கை காட்டினார்.

சுஐபு இஸ்திரி மேசையில் உட்கார்ந்தான். பழைய துளைகள் அப்படியே இருந்தன. ஊசி போக வேண்டிய வழியைத் துணியே காட்டியது. துண்டு நூல்களைப் பழைய துளையிலேயே நுழைத்து இழுத்தான். பொசுங்கிய கையில் ஊசி நிற்கவில்லை. இடது கைக்கு மாற்றிக்கொண்டான். பெர்னான் அதே வாளியில் உட்கார்ந்து மூக்கைத் துடைத்துக்கொண்டே பார்த்துக்கொண்டிருந்தார். சிலுவை முழுதாக வந்தது. எழுத்தில் பாதி வந்தபோது நூல் தீர்ந்தது.

“எங்கிட்ட வேற சிவப்பு நூல் இருக்கு முசியே. போடவா?”

“வேண்டாம். துளை இருக்கட்டும்.” பிறகு கறுப்புக் கோட்டின் மேல் கட்டைவிரலை வைத்தார். “இது யாரோட அடையாளம்?”

“உங்களது முசியே. ஒரு கோடு, ரெண்டு புள்ளி.”

“போகவே போகாதா?”

“துணி போனாலும் அது போகாது.”

பெர்னான் கட்டைவிரலை எடுத்துச் சிவப்புச் சிலுவையின் மேல் வைத்தார். “முப்பத்தஞ்சு வருஷமா எங்க சட்டை அந்த அதிகாரியோட துணியா இருந்துச்சு,” என்றார். சட்டையை வாங்கிக்கொண்டு எழுந்து போனார். சாமானைக் கட்ட வேண்டாம் என்று சொல்லவில்லை. கட்டு என்றும் மறுபடி சொல்லவில்லை.

சுஐபு பெட்டியைக் கட்டினான். சனிக்கிழமை விடிந்ததும் குல் ஜமான் லாரியைக் கொட்டகை வாசலில் கொண்டுவந்து நிறுத்தினான். பெர்னான் சைட்டுக்குப் போய்விட்டாராம். சுஐபுவைச் சாமானோடு ஏற்றி அபுதாபி ஆபீசில் விடச் சொல்லியிருக்கிறார், அங்கே மேற்கொண்டு சொல்வார்களாம். எதற்கு என்று கேட்டால் குல் ஜமான் தோளைக் குலுக்கினான். “மாலூம் நஹீ.”

பொன்னுச்சாமி ஒரு பொட்டலத்தில் சப்பாத்தியைக் கட்டிக் கொடுத்தார்.  “நிரவிப் பக்கம் போனீங்கன்னா எங்க வூட்டுல சொல்லுங்க பாய், நான் நல்லா இருக்கேன்னு. அரிசி மூட்டைன்னு அப்பவே சொன்னேன். கேட்டீங்களா?”

வழியெல்லாம் மணலும் உப்புத்தரையும். சுஐபு சப்பாத்தியைத் தொடவில்லை. ஊரில் போய் என்ன சொல்வது என்று வார்த்தைகளைக் கோத்துப் பார்த்தான். ஒரு நூலைப் பிரித்ததற்காகத் திருப்பி அனுப்பிவிட்டார்கள் என்றால் யார் நம்புவார்கள்? களவு எடுத்தான் என்றுதான் பேசுவார்கள். ஜுபைதா நம்புவாள். நம்பிவிட்டு, யாரும் பார்க்காத நேரமாகப் பார்த்து அழுவாள்.

ஆபீசில் ஒரு குமாஸ்தா வெளியே வந்து குல் ஜமானிடம் அரபியில் ஏதோ சொல்லி, ஒரு உறையைக் கொடுத்துவிட்டு உள்ளே போய்விட்டார். லாரி மறுபடி கிளம்பியது. விமான நிலையத்துக்குப் பிரியும் சாலை வந்தது. சுஐபு கண்ணை மூடிக்கொண்டான். வண்டி எந்தப் பக்கம் திரும்புகிறது என்பதை உடம்பால்தான் உணர்ந்தான். அது திரும்பவில்லை. நேராகப் போய், இரண்டு மாடி வீடுகள் வரிசையாக நின்ற ஒரு தெருவில் நின்றது. கொடிகளில் குழந்தைத் துணி காய்ந்துகொண்டிருந்தது. குல் ஜமான் உறையைக் கிழித்தான். உள்ளே ஒரு சாவி.

“உத்ரோ பாய். யே தேரா ஹை.” இறங்கு, இது உன்னுடையது என்று சொல்லிவிட்டு, முந்தின நாள் குப்பைப் பள்ளத்தில் கேட்டது நினைவு வந்து சிரித்தான். “பீவி கோ புலாவோ!” பெண்டாட்டியைக் கூப்பிட்டுக்கொள் என்றான்.

சுஐபு இறங்கவில்லை. சாவியை மூடிய கையோடு கொஞ்ச நேரம் வண்டியிலேயே உட்கார்ந்திருந்தான். தீப்புண்ணில் சாவி குத்தியது. கையைத் திறக்கவில்லை.

1977-ல் ஜுபைதா ஜுலைஹாவோடு வந்து சேர்ந்தாள். மகள் ஒரு வாரம் அவனை “துபாய்க்காரர்” என்றே கூப்பிட்டாள், பிறகு அத்தா என்றாள். குழாய் வேலை முடிந்து பெர்னான் ஊருக்குப் போனார். 1979-ல் லுயிக் ஒருமுறை அபுதாபி வந்தபோது ஒரு போட்டோ கொண்டுவந்து கொடுத்தான். ரோக்வால் மைதானம், சங்கத்தின் புது வருட முதல் ஆட்டம். வரிசையின் முன்னால் பெர்னான் பழைய சட்டையில் நிற்கிறார், காலரை வேண்டுமென்றே வெளியே தூக்கிவிட்டிருக்கிறார். வெள்ளைக் காலரில் ஒரு கோடும் இரண்டு புள்ளியும் கன்னங்கரேலென்று தெரிகின்றன. இப்போது ஆட்கள் சிவப்பைத் தொட்டுவிட்டுக் கறுப்பையும் தொடுகிறார்கள் என்றான் லுயிக்.

சட்டையின் கதையை இன்னும் கேட்டிராத ஜுபைதா போட்டோவை ஜன்னல் வெளிச்சத்துக்குக் கொண்டுபோனாள். “ஏன் மச்சான், இவ்வளவு பெரிய நாட்டுல ஒரு காலரை ஒழுங்கா வெளுக்க ஆளு இல்லியா? இந்தக் கறையோட போட்டோவுக்கு நிக்கிறாரே மனுஷன். எந்த லாண்டரிக்காரன் வெளுத்தான் இதை?”

சுஐபு இஸ்திரிப் பெட்டியை நிமிர்த்தி வைத்தான்.

“நான்தான்.”